கம்பு நுனியில் ஒரு குடும்பம்

ஆடக் கூடாது, அவ்வளவுதான், வேறெதுவும் செய்ய வேண்டாம் என்று சொல்லிவிட்டு லீலாபாய் டீச்சர் ஸ்கூட்டரைக் கிளப்பிக்கொண்டு ரப்பர் தோட்டத்துச் சரிவில் இறங்கிப் போய்விட்டாள். அவ்வளவுதானாம். மகராசி சுலபமாகச் சொல்லிவிட்டாள், கம்பைப் பிடித்துக்கொண்டு நிற்பது அஞ்சலாட்சி அல்லவா. கம்பு என்றால் சாதாரணக் கம்பா, நுனியில் மைக் மாட்டிய நீளமான பூம், மைக்குக்குள் காற்றிரைச்சல் ஏறாமலிருக்கப் பூனைக்குட்டி மாதிரி சாம்பல் நிறத்தில் ஒரு ரோம உறை, அந்த உறை இப்போது கண்ணுக்கே தெரியவில்லை, அதை மூடிக்கொண்டு ஒரு தேனீக் கூட்டம் வந்து உட்கார்ந்திருக்கிறது. கூட்டம் என்றால் முழுக் கூட்டம், ராணி உட்பட, இருந்த வீட்டைக் காலி செய்துகொண்டு கிளம்பிய ஒரு குடும்பம், ஒன்றின் காலை ஒன்று பற்றிக்கொண்டு, அதன் காலை இன்னொன்று பற்றிக்கொண்டு, பலாப்பிஞ்சு மாதிரி தொங்குகிறது, பண்ருட்டிக்காரிக்கு வேறென்ன உவமை வரும். கம்பின் அடிமுனை அவள் கழுத்தெலும்புக்குக் கீழே அழுந்திக்கொண்டிருந்தது. காதில் ஹெட்போன். கழற்ற முடியாது, கழற்றக் கை வேண்டும், இரண்டு கையும் கம்பில் இருக்கிறது. டீச்சர் வீட்டுக்குப் போய்க் காலிப் பெட்டியை எடுத்துக்கொண்டு வரும்வரை இந்தக் கூட்டம் கலையாமல் இங்கேயே இருக்க வேண்டும், கலைந்தால் எழும்பிக் காட்டுக்குள் போய்விடும், போனால் போனதுதான். போன வருஷம் புழு அழுகல் நோய் வந்து டீச்சரின் தோட்டத்தில் எல்லாப் பெட்டியும் செத்து, ஒன்றே ஒன்று தப்பியது, அந்த ஒன்றிலிருந்து கிளம்பிய முதல் கூட்டம் இது. இதைப் பிடித்துவிட்டால் தோட்டம் மறுபடி துளிர்க்கும் என்று டீச்சர் ஒரு மாசமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். அதெல்லாம் சரி, அஞ்சலாட்சி டீச்சரிடம் சொல்லாத ஒன்று இருக்கிறது. போன வாரம் ஒரு ஈ முழங்கைக்குக் கீழே கொட்டி, கை தோள்வரை வீங்கி, உதடு மரத்து, தொண்டை யாரோ பிடித்து அழுத்துகிற மாதிரி அடைத்துக்கொண்டபோது, மார்த்தாண்டத்தில் ஒரு டாக்டர் ஊசி போட்டுவிட்டு, இனிமேல் தேனீ இருக்கும் திசைக்கே போகாதீங்கம்மா, அடுத்த தடவை ஆஸ்பத்திரி வந்து சேர நேரம் இருக்குமான்னு சொல்ல முடியாது என்றார். சரிங்க டாக்டர் என்று தலையாட்டிவிட்டு நேராக இங்கேதான் வந்தாள்.

சொல்லியிருந்தால் டீச்சர் தோட்டத்துக்குள் விட்டிருக்க மாட்டாள். பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள், கழுத்தில் இன்னும் விசில் தொங்குகிறது, நோய்க்குத் தப்பிய அந்த ஒரே பெட்டிக்குக் கேப்டன் என்று பேர் வைத்திருக்கிறாள், கூட்டம் பெட்டியைவிட்டுக் கொப்பளித்து வெளியே வந்து தலைக்கு மேல் சுற்றியபோது அந்த விசிலை எடுத்து ஊது ஊது என்று ஊதினாள், விசில் கேட்டால் ஈ இறங்கிவிடுமாம். ஈ இறங்கியது என்னவோ உண்மை, ஆனால் விசிலுக்கு இல்லை. எதற்கு இறங்கியது என்பது அஞ்சலாட்சிக்கு இப்போது, கம்பைப் பிடித்துக்கொண்டு நிற்கும் இந்த நேரத்தில்தான், படிப்படியாக விளங்கிற்று, விளங்க விளங்கத் தன் தலையில் தானே அடித்துக்கொள்ளத் தோன்றிற்று, அதற்கும் கை இல்லை. காலையில் டீச்சர் எல்லாம் சரியாகத்தான் வைத்திருந்தாள். கேப்டன் பெட்டி, அதற்குப் பக்கத்து மரத்தடியில் உள்ளே மெழுகு தேய்த்த காலிப் பெட்டி, கூட்டம் பிரிந்தால் போய் உட்கார ஒரு புது வீடு. அஞ்சலாட்சி காமிராவுக்குள் கண்ணை விட்டுப் பார்த்துவிட்டு என்ன சொன்னாள்? டீச்சர், அந்தக் காலிப் பெட்டி ஃப்ரேம்ல இடிக்குது, கொஞ்சம் எடுத்துடலாமா. இடிக்குதாம். பாவம் டீச்சர், சினிமாக்காரி சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று அதை ஸ்கூட்டரில் வைத்துக் கட்டி வீட்டுக்கே கொண்டுபோய் வைத்துவிட்டு, முகத்துக்குப் போடும் வலையையும் அதோடேயே விட்டுவிட்டு வந்துவிட்டாள், அவள் செய்ததும் ஒரு காரியம். அதற்கு முந்தின நாள் மழையில் இந்த ரோம உறை நனைந்து ஊறிப்போய், அதைக் காயவைக்க இடம் தேடி, அதே காலிப் பெட்டிக்குள் தலைகீழாக மாட்டி வைத்தவளும் இதே அஞ்சலாட்சிதான். ராத்திரி முழுக்க மெழுகு வாசனையில் ஊறிய ரோமம். ஈக்களுக்கு வேறென்ன வேண்டும், வீட்டைத் தூக்கிவிட்டாய், வீட்டு வாசனையைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறாய், நீதான் வீடு.

நீதான் வீடு, நல்ல கதை. இத்தனை வருஷமாகப் படம் எடுக்கிறாள், ஒரு படத்தில்கூட அவள் கிடையாது. அது அவளுடைய கொள்கை, கொள்கை என்றால் வெறி. சேலத்துப் பக்கம் ஜவ்வரிசிப் படம், மரவள்ளிப் பால் தொட்டியில் அடங்கி வெள்ளைத் தரையாக உறைவதைக் காட்டினாள், தொட்டி விளிம்பில் விழுந்த தன் நிழலை வெட்டினாள். நாமக்கல்லில் முட்டைப் படம், கேள்வி கேட்ட குரலை வெட்டிப் பதிலை மட்டும் வைத்தாள், ஒரு தாத்தா நீங்க சாப்பிட்டீங்களாம்மா என்று கேட்டதைக்கூட வெட்டினாள், அது நல்ல இடம், வெட்டியிருக்க வேண்டாம். சோறு எங்கிருந்து வருகிறது என்று காட்டத்தான் படம், காட்டுகிறவள் யாருக்கு வேண்டும். ஆளில்லாமல் காமிரா தானே போய் நின்று பார்த்த மாதிரி இருக்க வேண்டும். இப்போதும் பார், காமிரா அந்தப் பக்கம் முக்காலியில் நின்றுகொண்டு காலியான இடத்தைக் காலியான இடத்தோடு சேர்த்து வெகு சுத்தமாக எடுத்துக்கொண்டிருக்கிறது, எடுக்கச் சொன்ன பெட்டி இல்லை, ஈ இல்லை, ஆள் இல்லை, அருமையான ஃப்ரேம். சகலமும் அதற்கு முதுகுப் பக்கம் நடக்கிறது. இருக்கட்டும், சத்தமாவது இருக்கிறதே. சத்தம். ஐயோ, ரெக்கார்டு பட்டனை அழுத்தினேனா?

அழுத்தினேனா? வயிற்றோடு கட்டிய பைக்குள் ரெக்கார்டர், பையின் மூடி மூடியிருக்கிறது, சிவப்பு விளக்கு எரிகிறதா என்று குனிந்தாலும் தெரியாது, குனியவும் கூடாது. ஹெட்போனில் கேட்கிறது என்பது கணக்கில்லை, அழுத்தாவிட்டாலும் கேட்கும், இந்தத் தொழிலில் இருக்கிற எல்லாரும் ஒரு தடவையாவது அப்படி ஏமாந்திருப்பார்கள், அரை நாள் முழுக்க அற்புதமாகக் கேட்டு ரசித்துவிட்டு வீட்டுக்குப் போய்ப் பார்த்தால் வெறும் பை. அழுத்தினேன். கேப்டன் பெட்டி பக்கத்தில் கம்பை நீட்டினபோது கட்டைவிரல் போயிற்று. போயிற்று, அழுத்திற்றா? சாலிகிராமத்தில் அவளுக்குச் சத்தம் பிடிக்கக் கற்றுக்கொடுத்த வேதமூர்த்தி சார் இப்போது இருந்தால், ஏம்மா, விரலை நம்பாதே, விளக்கைப் பார் என்பார். கம்பை இறுக்கிப் பிடிக்காதே என்பார், தலை நிற்காத குழந்தையைத் தூக்குகிற மாதிரி பிடிக்கணும், இறுக்கினால் உன் கை செய்கிற எல்லாமும் மைக்குக்குள் போகும் என்பார். சார், இது குழந்தைதான் சார், ஆனால் இந்தக் குழந்தைக்கு ஒவ்வொரு உடம்பிலும் ஒரு ஊசி இருக்கிறது. அஞ்சலாட்சி பிடியைத் தளர்த்திப் பார்த்தாள். தளரவில்லை. விரல்கள் அவள் சொல்வதைக் கேட்கவில்லை, கம்பு கழுத்தெலும்பில் இன்னும் கொஞ்சம் ஊன்றிக்கொண்டது, சரி, இருந்துவிட்டுப் போகட்டும்.

ஆனால் அந்தச் சத்தம், அதை என்னவென்று சொல்வது. வெளியிலிருந்து கேட்டால் ஒரு ரீங்காரம், யாருக்கும் தெரிந்த ரீங்காரம், பள்ளிப் புத்தகத்தில் வருகிற ரீங்காரம். இது உள்ளிருந்து. மைக் அவர்கள் நடுவில் இருக்கிறது, ராணிக்கு ஒரு விரற்கடைத் தூரத்தில் இருக்கலாம், இதுவரை யாருடைய காதும் போயிராத இடத்தில் அவள் காது போய் உட்கார்ந்திருக்கிறது. முதலில் வந்து மோதியபோது அருவி விழுகிற மாதிரி இருந்தது, ஹெட்போனைப் பிய்த்துக்கொண்டு போகும் என்று பயந்தாள், பிறகு அடங்க ஆரம்பித்தது, எல்லாரும் ஒரே நேரத்தில் அடங்கவில்லை, இந்தப் பக்கம் ஒரு வரிசை இறகை மடக்கிற்று, அந்தப் பக்கம் ஒரு வரிசை, கல்யாண மண்டபத்தில் பந்திக்கு உட்கார்கிற மாதிரி ஒருவரை ஒருவர் நகர்த்தி இடம் கொடுத்து உட்கார்ந்தார்கள், கால்கள், எத்தனை ஆயிரம் கால்கள், ரோமத்தின் மேல் நடக்கிற சத்தம் தனியாகக் கேட்கிறது, ஒரு கால் இன்னொரு காலைப் பற்றுகிற சத்தம்கூட இருக்கிறது என்று அவளுக்குத் தோன்றியது, இருக்குமா, இருக்கிறது. அதற்கும் அடியில் ஒரு முழக்கம், வயிற்றுக்குள் உணர்கிற முழக்கம், அதற்காகத்தான் மைக்கில் தாழ்ந்த சத்தங்களை வெட்டுகிற பொத்தானை இன்றைக்கு அணைத்து வைத்திருந்தாள், எல்லாம் வரட்டும், அடிமட்டம்வரை வரட்டும் என்று. எல்லாம் வந்தது. வேண்டாததும் வந்தது. தூரத்தில் எங்கேயோ யாரோ விறகு பிளக்கிறான், டும், டும், டும், பாழாய்ப்போனவன், உலகத்தில் வேறு நேரமே கிடைக்கவில்லையா. போய் நிறுத்தச் சொல்லலாம் என்றால் ஆளில்லை. அஞ்சலாட்சி அவனை மனசுக்குள் ஒரு பாடு திட்டினாள், பிறகு திட்டுவதை விட்டுவிட்டுக் கேட்டாள். கேட்கக் கேட்க உடம்பு சிலிர்த்தது. கடவுளே, நான் என்ன புண்ணியம் செய்தேன்.

கை கனக்கத் தொடங்கியிருந்தது. ஒரு ஈக்கு என்ன கனம், ஒன்றுமில்லை, ஊதினால் போகும், அந்த ஒன்றுமில்லாதது இத்தனை சேர்ந்து கம்பை வளைத்துக்கொண்டு நிற்கிறது. வயிறு நிறையத் தேன் குடித்துவிட்டுக் கிளம்பியிருக்கிறார்கள், புது வீட்டில் அடுப்பு பற்றவைக்கும்வரை அதுதான் கட்டுச்சோறு. வயிறு நிறைந்த ஈ கொட்டாது என்று டீச்சர் சொன்னாள், சொன்னவள் விசிலுக்கு ஈ இறங்கும் என்றும்தான் சொன்னாள். எலுமிச்சம்புல் மாதிரி ஒரு வாசனை வந்தது, பிறகு ரப்பர் பாலின் புளித்த நாற்றம், சருகு நனைந்த வாசனை, மறுபடியும் எலுமிச்சம்புல். ரப்பர் மரங்கள் இலை கொட்டிக்கொண்டிருந்தன, ஒவ்வொரு இலையும் விழும்போது அவளுக்குப் பகீரென்றது, இது இப்போது கூட்டத்தின் மேல் விழுந்தால்? விழவில்லை. அடுத்தது? இன்னும் சில வாரத்தில் இதே மரங்கள் தளிர் விட்டு, அந்தத் தளிர்க் காம்பில் தேன் கசியும், பூவில் இல்லை, இலையில், அதை இந்த ஈக்கள் எடுத்துவந்து கட்டும், அதைச் சொல்லத்தான் படமே, டயருக்குப் பால் கொடுக்கிற மரம் கஞ்சிக்குத் தேனும் கொடுக்கிறது என்று. அதைவிட அவளை அசரவைத்தது வேறு. வீட்டைவிட்டுக் கிளம்புவது இளசு இல்லையாம், பழைய ராணியாம். கட்டின வீடு, சேர்த்த தேன், தொட்டிலில் புழுக்கள், எல்லாவற்றையும் இன்னும் பிறக்காத மகளுக்கு விட்டுவிட்டு மூத்தவள் தெருவுக்கு வந்துவிடுகிறாள், எங்கே போகிறோம் என்று தெரியாமல், போகிற இடத்தில் சுவர்கூட இல்லாமல். என்ன தைரியம். அஞ்சலாட்சியும் வீட்டைவிட்டுக் கிளம்புகிறவள்தான், ஆனால் மகளுக்கு வீட்டை விட்டுக்கொடுத்துவிட்டு இல்லை, மகளையே வீட்டில் விட்டுவிட்டு. நித்திலா சின்னவளாக இருக்கும்போது, அம்மா, நீ எடுக்குற படத்துல நீ எங்கே இருக்கே என்று கேட்பாள், காமிராவுக்குப் பின்னாடிடி என்றால், அப்ப எப்பதான் முன்னாடி வருவே என்பாள். அந்த நேரம் பார்த்துத் தொடையில் அதிர்ந்தது. செல்போன். சத்தத்தை அணைத்தவள் அதிர்வை அணைக்கவில்லை. உர்ர், உர்ர் என்று பாவாடைப் பைக்குள் அது துடிக்க, கூட்டத்தின் மேல்தோல் ஒரு தடவை மினுங்கிற்று, ஆயிரம் இறகும் பாதி திறந்து மூடிற்று. நித்திலாதான், இந்த நேரத்துக்கு அவள்தான் கூப்பிடுவாள். வைச்சிடுடி கண்ணு, வைச்சிடு. தூரத்தில் விறகு பிளக்கிறவன் வேகமாகப் போட்டான். போன் நின்றது. கூட்டம் அடங்கிற்று. அஞ்சலாட்சியின் முதுகில் வேர்வை ஒரு கோடாக இறங்கி இடுப்பில் நின்றது.

கொட்டினால் எப்படி இருக்கும் என்பது தெரியும் என்பதுதான் கஷ்டம். தெரியாமலிருந்தால் பயம் பொதுவாக இருக்கும், தெரிந்துவிட்டால் பயத்துக்கு வரிசை வந்துவிடுகிறது, முதலில் உள்ளங்கை அரிக்கும், அப்புறம் உதடு, அப்புறம் நாக்கு அளவு சேராத செருப்பு மாதிரி வாய்க்குள் பெரிதாகும், அப்புறம் மூச்சு. இப்போது உள்ளங்கை அரிக்கிறதா? அரிக்கிறது. இல்லை, வேர்வை. கூட்டத்தின் மேலே நாலைந்து ஈக்கள் மட்டும் சும்மா இல்லாமல் ஓடிக்கொண்டிருந்தன, ஓடி, உடம்பைக் குலுக்கி, திரும்பி, மறுபடி ஓடி, மறுபடி குலுக்கி. வீடு பார்த்துவிட்டு வந்தவர்கள். ஒருத்தி, அந்தப் பக்கம் பாறைப் பொந்து இருக்கு என்கிறாள், இன்னொருத்தி, வேண்டாம், பழைய அயனி மரத்தில் ஓட்டை இருக்கு என்கிறாள், மற்றவர்கள் பின்னாலேயே போய்ப் பார்த்து, கேட்டு, யோசிக்கிறார்கள். யாரும் கத்தவில்லை, யாரும் யாரையும் தள்ளவில்லை. ராணி உள்ளே பேசாமல் இருக்கிறாள், அவளை யாரும் கேட்கவே இல்லை. சாப்பாட்டைப் பற்றி இத்தனை படம் எடுத்தாயே அஞ்சலாட்சி, நீ சாப்பிட்ட பூசணி, பாகற்காய், மாங்காய், முருங்கை, எல்லாம் இந்தக் காலில் ஒட்டின மகரந்தத்தில் காய்த்தது, அந்தக் கால் இப்போது உன் கண் முன்னால் வீடு தேடி ஆடிக்கொண்டிருக்கிறது, நீ என்னவென்றால் உதடு அரிக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறாய். அரிக்கவில்லை. டீச்சர் ஏன் இன்னும் வரவில்லை. ஸ்கூட்டர் நின்றுவிட்டதா, சாவியைத் தேடுகிறாளா, வழியில் யாராவது டீச்சர் என்று கூப்பிட்டிருப்பார்கள், கூப்பிட்டால் நின்று பேசாமல் வருகிற பிறவியா அது.

அப்போதுதான் ஹெட்போனுக்குள் அந்தக் குழல் கேட்டது. மெல்லிசாக, கூர்மையாக, ஒரே ஒரு இழை, பீ என்று எழுந்து நின்றது. அஞ்சலாட்சி முதலில் டீச்சரின் விசிலோ என்று நினைத்தாள், இல்லை, இது உள்ளே. மறுபடி ஒன்று, வேறு பக்கத்திலிருந்து. முழக்கத்துக்கு மேலே நூல் கட்டின மாதிரி இன்னொன்று. இதை அவள் கேட்டிருக்கிறாள், காதால் இல்லை, டீச்சரின் வாயால், காமிராவுக்கு முன்னால் உட்கார்ந்து டீச்சர் சொன்னது, அடங்கி இருக்க கூட்டம் திடீர்னு குழல் ஊத ஆரம்பிச்சுதுன்னா வீடு முடிவாயாச்சுன்னு அர்த்தம், பிறகு இறகு சூடாகும், பிறகு எழும்பிரும், அதுக்குள்ள தண்ணி தெளிச்சாத்தான் உண்டு, மழைன்னு நினைச்சு ஒடுங்கிரும். முழக்கம் மெதுவாகச் சுருதி ஏறிக்கொண்டிருந்தது. கிளம்பப் போகிறார்கள். இந்த உலகத்தில் இந்த நிமிஷம் அது தெரிந்த ஆள் அவள் ஒருத்தி. ஸ்கூட்டர் சத்தம் இல்லை. தண்ணீர் பாட்டில் இடுப்புப் பையில் இருக்கிறது. கூட்டமோ கம்பு நீளத்துக்கு அந்தப் பக்கம் இருக்கிறது, தண்ணீர் தெளிக்க வேண்டுமானால் அதைக் கிட்டே கொண்டுவர வேண்டும், எவ்வளவு கிட்டே, தெளிக்க வேறெதுவும் இல்லாத நிலையில் வாயால் ஊதுகிற அளவு கிட்டே. போகட்டுமே. போனால் டீச்சர் ஒரு வாரம் அழுவாள், அப்புறம் கேப்டன் இருக்கிறதே. போகட்டும், கம்பைக் கீழே வைத்துவிட்டு நாலு எட்டு பின்னால் போய்விடு, நித்திலாவுக்குப் போன் பண்ணு, யார் உன்னைக் கேட்கப் போகிறார்கள், நீதான் எதிலும் கிடையாதே. ஆனால் பெட்டியை எடுக்கச் சொன்னது நீ. அஞ்சலாட்சி கழுத்தெலும்பிலிருந்து கம்பின் அடியை எடுத்துத் தன் பின்பக்கத் தரையில் ஊன்றினாள். பிறகு ஒரு கைக்கு முன்னால் மறு கையை வைத்து, கிணற்றுக் கயிறு இழுப்பவளைப் போலக் கம்பைச் சரித்துப் பின்னால் இழுத்துக்கொண்டே போனாள், குலுங்காமல், மூச்சு விடாமல். கூட்டம் அவளை நோக்கி வந்தது. வந்து முகத்துக்கு நேரே நின்றது. அதன் சூடு கன்னத்தில் பட்டது. சூடு இருக்கும் என்று யாரும் சொல்லவில்லை. காய்ச்சல்காரக் குழந்தையின் நெற்றிக்குக் கிட்டே போன மாதிரி இருந்தது.

ஒரு கையைக் கம்பிலேயே வைத்துக்கொண்டு மறு கையால் பாட்டிலை எடுத்து, மூடியைப் பல்லால் திறந்தாள். ஒரு வாய் நிறையத் தண்ணீர். இஸ்திரி போடுகிறவர் துணி மேல் ஊதுவாரே, உதட்டைச் சுருக்கி, புகை மாதிரி, அப்படி, ஃபூ. தூவானம் விழுந்ததும் ஆயிரம் இறகும் ஒரே சமயத்தில் படிந்தன. இன்னொரு வாய். குழல் ஒன்று நின்றது. இன்னொரு வாய். எல்லாக் குழலும் நின்று, முழக்கம் இறங்கி, இறங்கி, மழைக்கு ஒதுங்கின ஜனம் முணுமுணுக்கிற மாதிரி ஆயிற்று. அஞ்சலாட்சி வாயைத் துடைக்கவில்லை, துடைக்கக் கை வேண்டும். கீழுதட்டில் ஒரு துளி நின்றுகொண்டிருந்தது, அது அவளுக்குத் தெரிந்தது. கூட்டத்திலிருந்து ஒரு ஈ எழும்பி அவள் மூக்கருகில் நின்றதும் தெரிந்தது. அது உதட்டில் உட்கார்ந்தது. ஆறு கால், ஆறையும் தனித்தனியாக எண்ணலாம், அவ்வளவு துல்லியம். கண்ணைத் தாழ்த்தினால் மங்கலாக ஒரு பழுப்பு வரி தெரிகிறது, வயிறு துடிக்கிறது, முதுகு முழுக்க ரோமம், இந்த ஜீவனுக்கும் ரோமம். பிறகு அது நாக்கை நீட்டிற்று. நாக்கு என்று சொல்லலாமா, நூலைவிட மெல்லிசான ஒன்று, அவள் உதட்டைத் தொட்டு, தொட்டு, அந்தத் துளியைக் குடிக்க ஆரம்பித்தது. அவளிடமிருந்து. பயம் இருந்த இடத்தில் அவள் தேடிப் பார்த்தாள், பயம் அங்கே இல்லை, எங்கே போயிற்று என்று தெரியவில்லை, அந்த இடம் முழுக்கப் பெரிசாக, வெளிச்சமாக இருந்தது. குடி. இன்னும் வேண்டுமா, குடி. இத்தனை நாள் உங்கள் கையால்தானே சாப்பிட்டேன். துளி தீர்ந்தது. ஈ காலால் முகத்தை ஒரு தடவை துடைத்துக்கொண்டு, எழும்பி, தன் ஜனத்தோடு போய்ச் சேர்ந்துகொண்டது. அஞ்சலாட்சிக்குக் கண்ணீர் கொட்டிற்று, அதையும் துடைக்கவில்லை.

டீச்சர் ஸ்கூட்டரைத் தூரத்திலேயே அணைத்துவிட்டுப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு மூச்சிரைக்க வந்தாள், வழியில் சர்ச்சிலிருந்து வந்த ஒரு பாட்டி பிடித்துக்கொண்டதாகச் சொன்னாள், கூட்டம் அஞ்சலாட்சியின் முகத்துக்கு நேரே இருப்பதைப் பார்த்ததும் பெட்டியை இறக்கினாள். பெட்டியைத் திறந்து கூட்டத்துக்கு அடியில் பிடித்தாள். கம்பை ஒரே ஒரு தட்டு தட்டச் சொன்னாள். அஞ்சலாட்சி தட்டினாள், மொத்தக் குடும்பமும் வெந்த கேழ்வரகுக் களி உருண்டை மாதிரி தொப்பென்று உள்ளே விழுந்தது, காற்றில் மீந்தவர்கள் வாசலில் இறங்கி, பின்பக்கத்தைத் தூக்கி இறகை வீசி, இங்கேதான், இங்கேதான் என்று மற்றவர்களை அழைத்துக்கொண்டு வரிசையாக உள்ளே நடந்துபோனார்கள். இரண்டு பெண்களும் குத்துக்காலிட்டு உட்கார்ந்து அதைப் பார்த்தார்கள். டீச்சர் சிலுவை போட்டுக்கொண்டாள். போட்டுவிட்டு, கொட்டிச்சா பிள்ளே என்று கேட்டாள். இல்லை டீச்சர் என்றாள் அஞ்சலாட்சி. அப்போதுதான் ஞாபகம் வந்து வயிற்றுப் பையின் மூடியைத் திறந்தாள். சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அவள் குத்துக்காலை விட்டு அப்படியே சருகில் உட்கார்ந்துவிட்டாள்.

டீச்சருக்குக் கேட்க வேண்டும். என்னத்த இவ்வளவு நேரமும் காதுல வச்சு கேட்டே, எனக்கும் தா என்று ஹெட்போனைப் பிடுங்காத குறையாக வாங்கி மாட்டிக்கொண்டாள். அஞ்சலாட்சி ஓடவிட்டாள். டீச்சரின் முகம் முதலில் சிரித்தது, பிறகு சிரிப்பு நின்றது, பிறகு வாய் திறந்தபடி இருந்தது, இருபது வருஷம் ஈ வளர்த்தவள் தன் ஈக்களின் வீட்டுக்குள் முதல் தடவையாகப் போயிருக்கிறாள். கொஞ்ச நேரம் கழித்து நெற்றியைச் சுருக்கினாள்.

"இதென்ன பிள்ளே, அடியில தட்டிக்கிட்டே இருக்கு?"

யாரோ விறகு பிளக்கிறான் டீச்சர், நானும் அப்போதிருந்து திட்டிக்கொண்டிருக்கிறேன் என்றாள் அஞ்சலாட்சி. இன்னைக்கு ஞாயிற்றுக்கிழமையாக்கும், இந்த மலையில யாரு விறகு வெட்ட என்றாள் டீச்சர். இருவரும் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார்கள். தோட்டத்தில் இலை விழுகிற சத்தம் மட்டும் இருந்தது. அஞ்சலாட்சி ஹெட்போனின் ஒரு பக்கத்தை வாங்கித் தன் காதில் வைத்தாள். டும், டும், டும். போன் அதிர்கிற இடம் வந்தது, அது ஓட்டமாக ஓடிற்று. குழல் கேட்கிற இடத்தில் இன்னும் வேகம். கம்பை எடுத்து மண்ணில் ஊன்றிய பிறகும் இறுக்கிப் பிடித்த விரல் வழியாக அது ஏறிக்கொண்டுதான் இருந்தது. ஃபூ, ஃபூ, ஃபூ. அதற்கப்புறம் ஒரு இடம் வந்தது, ரொம்பச் சின்ன இடம், முழக்கம் தணிந்து, அந்தத் தட்டல் மெதுவாகி, மெதுவாகி, தூங்குகிற குழந்தைக்குத் தட்டிக்கொடுக்கிற கை மாதிரி ஆயிற்று. அந்த இடத்தில்தான் ஈ தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தது.

"அது நான் டீச்சர்."

டீச்சர் புரியாமல் பார்த்தாள். அஞ்சலாட்சி தன் கையைத் தூக்கி நெஞ்சில், கம்பின் அடி அழுந்தியிருந்த இடத்தில் வைத்துக் காட்டினாள், பிறகு எல்லாவற்றையும் சொன்னாள், போன வார ஊசியை, டாக்டரை, சொல்லாமல் வந்ததை. டீச்சர் வாயில் வந்ததையெல்லாம் சொல்லித் திட்டினாள், நீ செத்திருந்தா நான் உன் மகளுக்கு என்ன பதில் சொல்லுவேன் என்று கேட்டாள், விசிலை எடுத்து ஒரு தடவை ஊதக்கூடச் செய்தாள், திட்டி முடிந்ததும் அழுதாள். தாழ்ந்த சத்தங்களை வெட்டுகிற அந்தச் சின்னப் பொத்தான் படம் வெட்டுகிற மேஜையிலும் உண்டு, தட்டினால் இந்தத் தட்டல் போய்விடும், ஈக்கள் மட்டும் சுத்தமாக இருப்பார்கள், இதுவரை எல்லாப் படத்திலும் செய்ததுதான். அஞ்சலாட்சி அதை நினைத்துப் பார்த்தாள். டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கழன்றிருந்த ஹெட்போனைக் காதில் சரியாக மாட்டிக்கொண்டு, அந்த ஈ குடிக்கிற இடத்தை இன்னொரு தடவை போடச் சொன்னாள்.